ஒற்றைக் கோட்டு எழுத்து

அலுவலகக் கூட்டத்தில் மேலாளர் கைதட்டியதும் அவள் கணவன் எழுந்து, அடக்கமாகத் தலை குனிந்தான். அந்தக் குனிவுக்கு அவள் மட்டும் கைதட்டவில்லை.

“சாதாரண எழுத்துருவ அப்படியே கட்டட வரைபடத்துல போட்டா, ஒவ்வொரு எழுத்துக்கும் ரெண்டு ரெண்டு கோடு விழும் சார். படமே கனத்துப்போயிடும். அதான் நானே உக்காந்து எல்லாத்தையும் ஒத்தைக் கோட்டுக்கு மாத்திட்டேன்.”

நானே! ‘ழ’வின் வால் சரியாக வளைய அவள் எத்தனை முறை அழித்து வரைந்திருப்பாள். மழைக்காலம் முழுக்க, ஒரு கையில் சாப்பாட்டுக் கரண்டியும் மறு கையில் மவுசுமாகச் செய்த வேலை. அப்போதெல்லாம் இவன் பின்னால் நின்று கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தான்.

தேநீர் இடைவேளையில் பக்கத்தில் வந்து உரசினான்.

“மூஞ்சி ஏன் இப்படி இருக்கு? தலைமைப் பதவி எனக்கு வந்தா நம்ம வீட்டுக்குத்தானடி?”

“நம்ம வீடுன்னா என் பேரையும் சொல்லியிருக்கலாமே.”

“சபையில பொண்டாட்டி புராணம் பாடச் சொல்றியா? சிரிப்பாங்க.”

பிஸ்கட் ஈரம் ஒட்டிய விரல்களால் அவள் தோளைத் தட்டிவிட்டுப் போனான். காதலித்த நாட்களில் இதே அறையில் தன் தேநீரில் பாதியை அவளுக்கு ஊற்றிக் கொடுத்த கை அது. தோளைக் கைக்குட்டையால் துடைத்தாள். போதாமல், போய்க் கழுவிவிட்டு வந்தாள்.

மாலையில் வீட்டு வரைபடத்தை வாடிக்கையாளருக்கு அவனே அனுப்பினான். படத்தை மட்டும். எழுத்துகள் தனிக் கோப்பில் இருக்கின்றன, அதையும் சேர்த்து அனுப்பாவிட்டால் அங்கே அறைகளின் பெயர்கள் இருக்க வேண்டிய இடத்தில் கேள்விக்குறிகள்தான் விழும். செய்தவளுக்குத் தெரியும். மனசு கேட்காமல் எழுந்து போனாள்.

“ஏங்க, அந்தப் படத்தோட...”

“இரு இரு. முக்கியமான வேலையில இருக்கேன்ல?” திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

தன் இடத்துக்குத் திரும்பினாள்.

மறுநாள் காலை மேலாளர் கையில் தொலைபேசியோடு வந்து, வாடிக்கையாளர் தன் திரையைப் படமெடுத்து அனுப்பியிருந்ததை அவள் மேசைக்கு எதிரிலிருந்த பெரிய திரையில் திறந்தார். “அவங்க பக்கம் இப்படித்தான் தெரியுதாம். நீ செஞ்ச எழுத்துதானப்பா? உடனே சரிபண்ணு, லைன்லயே இருக்காங்க.”

அவன் திரையைப் பார்த்தான். பிறகு அவளை. நேற்று மேலாளருக்குக் காட்டிய அதே குனிவு, இப்போது அவளுக்கு.

“ஏம்மா... கொஞ்சம் பாரேன்.”

அந்தக் கோப்பு அவள் விரலுக்கடியில்தான் இருந்தது. ஓர் அழுத்தல் போதும். விரலை அசைக்காமல் நிமிர்ந்து பார்த்தாள். கூடம், சமையலறை, வாசல் என எங்கும் பெயர்கள் இல்லை. படுக்கையறையில் இரட்டைக் கட்டில் அழகாக விழுந்திருந்தது. அதன் மேல், தலையணையிலிருந்து தலையணைவரை, வரிசையாகக் கேள்விக்குறிகள்.