ரேமோந்துக்குக் கார்னேஷன்

ஃபெர்னான் தன் ஊன்றுகோலின் வளைந்த பிடியை மலர்க்கொத்தின் நாடாவில் மாட்டி, அதைச் சவப்பெட்டி மேலிருந்து இழுத்துக்கொண்டிருந்தார். எண்பத்தாறு வயது. இழுத்த இழுப்பில் நாலைந்து வெள்ளைக் கார்னேஷன் பூக்கள் தேவாலயத் தரையில் விழுந்தன.

ஓதில் முன்வரிசையிலிருந்து எழுந்துபோய் அவர் கையைப் பிடித்தாள்.

“என்ன மாமா பண்றீங்க? அம்மாவுக்கு நான் வச்ச பூ அது.”

“நீயா வச்சே? எவனோ ஆகாதவன் வச்சிட்டுப் போயிருக்கான்னு நெனச்சேன்.”

அவள் தம்பி பத்ரிஸும் வந்துவிட்டான். “யாருக்கா இந்தப் பெரியவரு? குடிச்சிருக்காரா?”

“காலையில பத்து மணிக்கா? முப்பது வருஷம் சினிமாவுல போலீஸ்காரனா நடிச்சவன்பா நான். உங்கம்மாவை மட்டும் ஆறு தடவை கைது பண்ணியிருக்கேன்.”

ஓதிலின் அம்மா ரேமோந்த் ஐம்பத்திரண்டு படங்களில் நடித்திருந்தார். பெரும்பாலும் ஒரே ஒரு காட்சி. அடுக்குமாடி வாசலில் காவலிருக்கும் பெண், நர்ஸ், ரொட்டிக்கடைக்காரி, எதையுமே பார்க்காத சாட்சி. ‘ரெண்டாவது மாடி, இடது பக்கம்’ என்ற வசனத்தை மட்டும் ஒன்பது படங்களில் பேசியிருந்தார். பஸ்ஸில் யாராவது அவரையே உற்றுப் பார்ப்பார்கள். “உங்களை எங்கேயோ பாத்திருக்கேனே. எங்க பேட்டை தபாலாபீஸ்ல இருந்தீங்களோ?” என்பார்கள். “ஆமாங்க, போன வருஷம்தான் ரிட்டையர் ஆனேன்” என்பார் ரேமோந்த். தபாலாபீசில் வேலை பார்த்தது ஓதில்தான். அம்மா இப்படிச் சொல்லும்போதெல்லாம் அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வாள்.

“அம்மாவுக்குக் கார்னேஷன்தான் பிடிக்கும்” என்றாள் ஓதில்.

“அவளே சொன்னாளா?”

“சொல்லல. கட்டில் பக்கத்துல போட்டோ இருந்துச்சே. கை நிறைய கார்னேஷனை வச்சிக்கிட்டு சிரிப்பாங்களே, அது. அதைப் பாத்துத்தான் பூக்கடையில சொன்னேன்.”

ஃபெர்னான் ஊன்றுகோலைக் கீழே இறக்கினார்.

“அந்தப் போட்டோவை எடுத்தவனே நான்தாம்மா. ஒப்பனை அறையில எடுத்தது. அப்ப நாங்க ரெண்டு பேரும் தெற்கே ஒரு கம்பெனியில நாடகம் போட்டுக்கிட்டிருந்தோம். வருஷ ஒப்பந்தம். அந்த முதலாளி பழைய காலத்து ஆளு. சீசன் கடைசி நாள்ல நடிகைங்களுக்குப் பூ அனுப்புவான். ரோஜா வந்தா அடுத்த வருஷமும் வேலை உண்டு. கார்னேஷன் வந்தா மூட்டையைக் கட்டிக்க வேண்டியதுதான். அதனாலதான் எங்காளுங்க யாரும் இந்தப் பூவைத் தொட மாட்டாங்க.”

“ஆனா அம்மா சிரிக்கிறாங்களே.”

“எதிர்ல கேமரா இருந்துச்சில்ல. சிரிச்சா.”

ஓதில் திரும்பிப் பார்த்தாள். கடைசி இரண்டு வரிசைகளில் ஏழு பேர் உட்கார்ந்திருந்தார்கள். எல்லாரும் வயதானவர்கள், எல்லாரும் எங்கேயோ பார்த்த முகங்கள். வந்ததிலிருந்து ஒருவர்கூடப் பெட்டியின் அருகே வரவில்லை.

“விடுக்கா, பாக்க அழகாத்தானே இருக்கு. பெட்டியை மொட்டையா அனுப்ப முடியுமா?” என்றான் பத்ரிஸ் மெதுவாக. “இதெல்லாம் யாருக்குத் தெரியப்போகுது?”

“அவங்களுக்குத் தெரியும்” என்றாள் ஓதில், கடைசி வரிசைகளைப் பார்த்தபடி.

பாதிரியார் பக்கவாட்டுக் கதவிலிருந்து தலையை நீட்டினார். “பதினோரு மணிக்கு இன்னொரு அடக்கம் இருக்கு. ஆரம்பிச்சிடலாமா?”

ஆரம்பித்துவிட்டார்கள். பூ இருந்த இடத்திலேயே இருந்தது.

பாதிரியார் ரேமோந்தைப் பார்த்ததில்லை. ஓதில் எழுதிக் கொடுத்திருந்த தாளைப் பார்த்துப் படித்தார். அன்பான தாய், நல்ல அண்டை வீட்டுக்காரி. நடிப்பைப் பற்றி அதில் ஒரு வரிதான் இருந்தது. அதையும் அவர் இருமிக்கொண்டே படித்தார்.

ஓதில் கேட்டுக்கொண்டிருக்கவில்லை. அந்தப் போட்டோவின் பின்பக்கம் பென்சிலில் ஜூன் 1967 என்று எழுதியிருக்கும். அவள் பிறந்தது அந்த வருஷம் நவம்பரில். ஜூனில் அம்மாவுக்கு நாலு மாசம், மேடை உடுப்பின் இடுப்பை விரித்துத் தைத்திருப்பார்கள். அதற்குப் பிறகு அம்மா மேடை ஏறவே இல்லை. ஏன் என்று பதினைந்து வயதில் அவள் ஒருமுறை கேட்டாள். “மேடையில குளிரும்டி” என்று சொல்லிவிட்டு அம்மா உருளைக்கிழங்கைத் தோல் சீவப் போய்விட்டார்.

கறுப்புக் கோட்டுக்காரர்கள் நான்கு பேர் வந்து பெட்டியைத் தூக்கக் குனிந்தார்கள். ஐந்தாவது ஆள், அவர்களின் மேற்பார்வையாளர், கையை உயர்த்தி சைகை செய்தார்.

“ஒரு நிமிஷம் இருங்க” என்றாள் ஓதில்.

எழுந்துபோய்ப் பெட்டி மேலிருந்த கொத்தை இரு கைகளாலும் வாரி எடுத்தாள். ஈரத் தண்டுகள் கோட்டில் பட்டு நனைத்தன. தரையில் கிடந்தவற்றையும் குனிந்து பொறுக்கிக்கொண்டாள். பத்ரிஸும் ஒரு பூவை எடுத்து அவளிடம் கொடுத்தான்.

வெறும் பெட்டி நடுப்பாதையில் போயிற்று. பித்தளைத் தகட்டில் பெயரும் பிறந்த, இறந்த வருஷங்களும் மட்டும். பின்வரிசைக்காரர்கள் ஒவ்வொருவராக எழுந்து நின்றார்கள். ஒப்பனை இல்லாத ஒரு கிழவி கையை நீட்டி அந்த மரத்தைத் தொட்டாள்.

வெளியே பிப்ரவரி வெயில். படிகளில் பெட்டி இறங்கத் தொடங்கியதும் ஃபெர்னான் ஊன்றுகோலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கைதட்டினார். மற்ற ஏழு பேரும் சேர்ந்துகொண்டார்கள். சீரான, அவசரமில்லாத கைதட்டல். எதிர்த்தாற்போல் பஸ்ஸுக்கு நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

“அடக்கத்துல கைதட்டுறாங்களேக்கா!” என்றான் பத்ரிஸ்.

“அவங்க ஆளுங்க வழக்கம்டா. நீயும் தட்டு.”

ஓதில் மேற்பார்வையாளர் பக்கம் திரும்பினாள்.

“இதைக் கொஞ்சம் பிடிங்க” என்று மொத்தப் பூவையும் அவர் மேல் சாய்த்துவிட்டுக் கைதட்டிக்கொண்டே படியில் இறங்கினாள்.

வண்டியின் கதவு மூடி, வண்டி நகர்ந்து, முனையில் திரும்பும்வரை சத்தம் ஓயவில்லை. மேற்பார்வையாளர் மட்டும் மேல்படியில் கை நிறையக் கார்னேஷனோடு, யாரிடம் கொடுப்பது என்று தெரியாமல் நின்றுகொண்டிருந்தார்.