தார் பூசிய மரம்

உமையம்மாளுக்கு ஒரு பெருமை உண்டு. பக்கவாதம் வந்து பேச்சுப் போன கணவர் நெல்லையப்பனின் தொண்டையில் எழுவது ஒரே ஒரு சத்தம்தான். அது தண்ணீருக்கா, மூத்திரத்துக்கா, கொசுவுக்கா என்று அவளுக்குத் தெரியும். பெங்களூரிலிருந்து போனில் பேசும் மகள் கிருஷ்ணப்ரியாவிடம் இதைச் சொல்லாமல் ஒரு நாளும் விடமாட்டாள். மகளும் சலிக்காமல் மெச்சுவாள்.

குன்னத்துகாலில் அவர்கள் வீட்டுக்குப் பின்பக்கம் முழுக்க ரப்பர். பாறசாலையில் உயிரியல் ஆசிரியராக இருந்த மனுஷனுக்கு இப்போது மிச்சம் ஒரு ஜன்னலும், அதற்கு நேரே நிற்கும் ரப்பர் மரமும், அதில் குடியிருக்கும் ஒரு பறயோந்துவும்தான். பறக்கும் ஓணானை அங்கே அப்படித்தான் சொல்வார்கள். விரல் நீள உடம்பு, மரப்பட்டை நிறம்; அசையாமல் இருந்தால் யார் கண்ணிலும் படாது. ஆனால் தொண்டையிலிருந்து மஞ்சள் தோலைக் கொடிபோல விரித்து மடக்கும்போது, நெல்லையப்பனின் அசையாத முகத்தில் கண்கள் மட்டும் எழுந்து உட்காரும். எறும்புகளை ஒவ்வொன்றாக நக்கித் தின்றபடி அது உச்சிக்கு ஏறும். அங்கிருந்து ஒரே தாவல். விலா எலும்புகள் விரிந்து, இரண்டு பக்கத் தோலும் சிறகாகி, மிதந்து போய் அடுத்த மரத்தின் இடுப்பில் ஒட்டிக்கொள்ளும். ஆனாலும் இந்த மரம்தான் தன்னுடையது என்று அதற்கு நினைப்பு, திரும்பி வந்துவிடும். பெண் ஓந்து முட்டையிட மட்டும்தான் மண்ணுக்கு இறங்கும், மூக்கால் குழி தோண்டும் என்றெல்லாம் நன்றாயிருந்த காலத்தில் அவர் சொல்லியிருக்கிறார். அவள் வெங்காயம் நறுக்கிக்கொண்டே உம் கொட்டியிருக்கிறாள். இப்போதோ, அது இல்லாவிட்டால் மனுஷன் சுவரைப் பார்த்தே போய்விடுவார் என்ற பயத்தில், தினமும் காலையில் அது இருக்கிறதா என்று தானே முதலில் எட்டிப் பார்ப்பாள்.

இடவப்பாதி என்னும் தென்மேற்குப் பருவமழைக்கு முன்னால் ரப்பர் மரங்களுக்குப் பிளாஸ்டிக் கட்ட வேண்டும். பால் வெட்டும் இடத்தில் மழைத்தண்ணீர் இறங்காதிருக்க, மரத்தைச் சுற்றித் தார்ப்பசையை வளையமாகப் பூசி, அதில் பிளாஸ்டிக் தாளைப் பாவாடைபோலச் சுருக்கி ஒட்டுவார்கள். வெட்டுக்காரன் வேலாயுதன் ஜன்னலோர மரத்தின் முன்னால் வந்து தயங்கி நின்றான்.

"அம்மா, இது சார் எப்பவும் ஜன்னல் வழியா பாக்கிய மரமாக்கும். விட்டிரட்டா?"

ஒரு மரத்தை மட்டும் எதற்கு விட வேண்டும், அதுவும் பால் தருகிற மரம்தானே என்றாள் உமையம்மாள். பசை வெயிலில் இளகும் என்பது அவளுக்குத் தெரியாததல்ல. போன வருஷம் அது அவள் செருப்பில் ஒன்றைத் தின்றிருந்தது.

மறுநாள் வெயில் சுள்ளென்று அடித்தது. காலைக் கஞ்சி முடிந்த கையோடு நெல்லையப்பன் சத்தமெழுப்பினார். தண்ணீர் கொண்டுபோனாள், வாயைத் திறக்கவில்லை, எல்லாம் மார்பில் வழிந்தது. வேட்டியை மாற்றினாள். அது நனையவே இல்லை. சத்தம் நிற்கவும் இல்லை. இடது கை நாற்காலிப் பிடியில் தட்டிக்கொண்டே இருந்தது. கடைசியில், முகத்தில் வெயில் அடிக்கிறது, வேறென்ன என்று ஜன்னல் திரையை இழுத்து மூடினாள்.

அப்போது அவர் கத்திய கத்தல் அடுக்களைவரை வந்தது. சற்று நேரத்தில் அடங்கியது. உமையம்மாள் மகளைக் கூப்பிட்டு, அப்பாவுக்கு வெயில் தாங்கவில்லை, நான்தான் கண்டுபிடித்தேன் என்று சொன்னாள்.

வெயில் தாழ்ந்ததும் திரையை விலக்கினாள். மரத்தின் கறுப்பு வளையத்தில் ஓந்து ஒட்டியிருந்தது. ஒரு பக்கச் சிறகு விரிந்து பசையோடு பசையாகியிருந்தது. மறுபக்கம் இழுத்து இழுத்துக் கிழிந்திருந்தது. எறும்புகள் அதன்மேல் வரிசையாக ஏறிக்கொண்டிருந்தன.

தேங்காயெண்ணெயை எடுத்துக்கொண்டு ஓடினாள். வழித்து எடுத்தபோது உடம்பு விறைத்துவிட்டிருந்தது. உள்ளே வந்தால், நெல்லையப்பன் மரத்தைப் பார்க்கவில்லை. அவளைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பார்வையில் கோபம் இருந்திருந்தால் அவள் தாங்கியிருப்பாள்.

"நீங்க என்னெ விளிச்சீங்க," என்றாள். "நான் திரைய இழுத்திட்டேன்."

அதற்குப் பிறகு அவர் எதற்கும் சத்தமெழுப்பவில்லை. தாகத்துக்கு இல்லை. வேட்டி நனைந்தும் இல்லை. அவளாகத் தொட்டுப் பார்த்துத்தான் மாற்ற வேண்டியிருந்தது. தோட்டத்துப் பசையையெல்லாம் வேலாயுதனோடு நின்று தானும் சுரண்டினாள். மழை வந்தது, பிளாஸ்டிக் இல்லாமல் வெட்டு நின்றது. வேறொரு ஓந்து அந்த மரத்துக்கு வந்து மஞ்சளை விரித்தது. அவள் நாற்காலியைத் திருப்பிக் காட்டினாள். அவர் பார்த்தார், அவ்வளவுதான்.

மகளிடம் போனில் பேசும்போது இப்போதெல்லாம் அவள் பெருமை பேசுவதில்லை. ஒரு மத்தியானம் அவர் காலடியில் உட்கார்ந்து அந்த இடது கையைப் பிடித்துக்கொண்டாள்.

"எனக்கு ஒண்ணும் தெரியாதாக்கும்," என்றாள். "ஒரு தடவ விளியுங்க. எதுக்குன்னு நான் சொல்லமாட்டேன். நீங்க பாக்கிய எடத்தெ நானும் பாக்கேன்."

அவர் அவளை வெகுநேரம் பார்த்தார். வாயைத் திறக்கவில்லை.