இரண்டு, பிறகு ஒன்று

ஒரகடம் அறையில் இருந்தவர்கள்: நான், மாரிசெல்வி. சாப்பாடு வாங்கப் போயிருந்தவன்: அவள் புருஷன் மகாராஜா, என் ரூம்மேட். அவன் போய் ஒரு மணி நேரம் ஆகியிருந்தது.

அவர்கள் இருவருக்கும் கல்யாணம் பதிவாகி நான்கு நாள். அவளை இழுத்துப்போக அவள் வீட்டு ஆட்கள் தூத்துக்குடியிலிருந்து கிளம்பியிருந்தார்கள். அதனால் ஓர் ஏற்பாடு: இரண்டு தட்டு, இடைவெளி, ஒரு தட்டு. வேறு எதற்கும் திறப்பதில்லை.

மதியம் இரண்டு மணிக்குத் தட்டினார்கள். ஒன்று. இடைவெளி. இரண்டு.

மாரிசெல்வி தாழ்ப்பாளில் கை வைத்துவிட்டாள். நான் பிடித்து இழுத்தேன்.

"அவங்கதாண்ணே. அவசரத்துல மாத்தித் தட்டிருப்பாங்க."

"அவன் விரல்ல மோதரம் கீதா?"

போன வாரம் வேலையிலிருந்து நிற்கும்வரை இரவு ஷிப்டில் என் வேலை, பிரேக் டிரம்மைச் சுத்தியலால் தட்டிக் கேட்பது. நல்லது கணீரென்னும். விரிசல் விட்டது பொத்தென்று அடங்கும். காது பழகிவிட்டது. இந்தத் தட்டலில் இரும்புக் கதவின்மேல் உலோகம் பட்டது.

மறுபடியும். ஒன்று. இரண்டு.

"எங்க அண்ணன் சுடலை மோதிரம் போட்டிருப்பான்," என்றாள். "அவங்களப் பிடிச்சிட்டானுவ. அடிச்சுக் கேட்டிருப்பானுவ."

"மகாராஜா வேணும்னே தலகீழா சொல்லிக்கீறான். தொறக்காதன்னு அர்த்தம்."

"நான் போனா அவங்கள விட்ருவாங்கண்ணே."

"ரெண்டு பேரையும் வுட மாட்டானுங்க. நூறுக்குப் போன் போடு. மெதுவா பேசு."

பேசினாள். போலீஸ் வரப் பத்து நிமிடமாம். அதுவரை கதவு தாங்காது.

கம்பெனியில் திருப்பிக் கொடுக்காத அடையாள அட்டை டேக்கைக் கழுத்தில் மாட்டினேன். அவளைக் கதவுக்குப் பின்னால் நிறுத்தினேன்.

"வெளிய பூட்டிகினு போறேன். எவன் தட்னாலும் மூச்சு வுடாத."

திறந்தேன். மூன்று பேர். தெருமுனைக் காரின் பின்சீட்டில் மகாராஜாவின் தலை தெரிந்தது.

"எங்கடே எங்க பிள்ள?" என்றான் மோதிரக்காரன்.

"அந்தப் பொண்ணா? காலைலயே சிங்கப்பெருமாள் கோவிலுக்கு ஷேர் ஆட்டோ ஏறிடுச்சு. ஆட்டோக்காரன் முக்குலதான் நிப்பான், வா காட்றேன். எனக்கு ஷிப்டுக்கு டைம் ஆவுது."

சுடலை என் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்தான். ஒரு பாய், ஒரு ஃபேன். கதவைச் சாத்தினேன். உள்ளே சத்தமில்லை. பூட்டை மாட்டி அழுத்தினேன்.