முதல் பிளா

செபஸ்தியம்மாவுக்குத் தன் சமையலைப் பற்றி ஒரு பெருமை இருந்தது. அதை அவள் மறைத்ததும் இல்லை. யாழ்ப்பாணத்துக் குருநகர்க் கரையில், காய்ந்த பனங்கிழங்கு மாவில் தான் காய்ச்சும் ஒடியல் கூழுக்கு ஈடில்லை என்று அவளே சொல்வாள். மற்றவர்கள் சொல்லும்வரை காத்திருக்கிற பொறுமை அவளிடம் கிடையாது. அப்படிப்பட்டவளின் கையால் சாப்பிடமாட்டேன் என்று சொந்தத் தம்பியே சோற்றுக் கோப்பையைத் தள்ளி வைத்தபோது அவளுக்கு முதலில் வந்தது கோபம்தான். பயம் பிறகுதான் வந்தது.

தம்பி சிமியோனுக்கு அப்போது இருபத்தெட்டு வயது. நாலு வயதில் தாயை இழந்தவனை அவள்தான் இடுப்பில் தூக்கி வளர்த்தாள். கிறகோரியைக் கல்யாணம் முடித்து வந்தபோது சீதனத்தோடு சீதனமாக அவனையும் கூட்டிக்கொண்டு வந்தாள். கிறகோரியும் முகம் சுளிக்காமல் மச்சானைத் தன் வள்ளத்தில் ஏற்றிக்கொண்டான். தங்களுக்கென்று பிள்ளை இல்லாத அந்த வீட்டில் அவன்தான் பிள்ளை. வலை பொத்துவதில் அவன் கைக்கு அந்தக் கரையில் ஆளில்லை. கிழிசல் இருந்த இடம் எது என்று பிறகு தேடினாலும் தெரியாது.

எழுபத்திரண்டாம் ஆண்டு மாரிக்குப் பிறகு அவன் தனியே கதைக்கத் தொடங்கினான். வலையை மடியில் வைத்துக்கொண்டு, யாரோ பக்கத்தில் குந்தியிருந்து கேட்பதற்குப் பதில் சொல்வதுபோல "ஓம், ஓம்" என்பான். ஒருநாள் கோப்பையைத் தள்ளிவிட்டு அவளுடைய முகத்தைப் பார்த்துச் சொன்னான்.

"இவை சொல்லினம் அக்கா. நீ சோத்துக்குள்ளை நஞ்சு போடுறாயாம்."

"ஆர் இவை?"

"இஞ்சை இருக்கினமே, இவை."

அவன் கையைக் காட்டிய இடத்தில் வெறும் சுவர்தான் இருந்தது.

பக்கத்தில் இருக்கும் இவர்களை 'இவை' என்பதும் தூரத்தில் இருக்கும் அவர்களை 'அவை' என்பதும் யாழ்ப்பாணப் பேச்சு வழக்கம். இரண்டுக்கும் நடுவில் 'உவை' என்று ஒன்றும் இருக்கிறது. காதோடு ஒட்டியும் இல்லாமல், கண்ணுக்கு எட்டாமலும் இல்லாமல் இருப்பவர்கள் அவர்கள். செபஸ்தியம்மா பள்ளிக்கூடத்தில் இரண்டாம் வகுப்பைத் தாண்டாதவள். ஆனாலும் தம்பியின் வாயில் இந்த மூன்றில் எது வருகிறது என்று கவனிக்கிற பழக்கம் அன்றைக்கே அவளுக்கு வந்துவிட்டது.

மந்திரித்த நூல் கட்டினார்கள். தீர்த்தம் தெளித்தார்கள். அந்தோனியாருக்கு நேர்த்தி வைத்தார்கள். ஒன்றும் எடுபடவில்லை. கடைசியில் கிறகோரிதான், அதிகம் கதையாத மனுஷன், சேர்ட்டை மாட்டிக்கொண்டு, "வா மச்சான், உடம்பைக் காட்டிக்கொண்டு வருவம்" என்று ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனான். மூன்று கிழமை, இருபத்தொரு நாள், அங்கே இருந்தான் சிமியோன்.

விடுகிற அன்று இளம் டாக்குத்தர் செபஸ்தியம்மாவை இருத்தி வைத்துப் பொறுமையாகச் சொன்னார். "அம்மா, இது பேயுமில்லை, செய்வினையுமில்லை. வருத்தம். அவருக்குக் குரல் மெய்யாக் கேக்குது. இல்லையெண்டு சண்டை பிடியாதேங்கோ, ஓமெண்டு ஒத்துக்கொள்ளவும் வேண்டாம். எனக்குக் கேக்கேல்லை எண்டு மட்டும் சொல்லுங்கோ. அவருக்குத் தெரியாமல் ஒண்டும் செய்யாதேங்கோ. இந்த மருந்துக் குளிசையாலை கரைச்சல் ஏதுமெண்டால் நிப்பாட்டாமல் என்னட்டைக் கூட்டிக்கொண்டு வாங்கோ."

செபஸ்தியம்மா ஒவ்வொன்றுக்கும் "ஓம் ஐயா" என்று தலையை ஆட்டினாள். நினைப்பு முழுவதும், மெலிந்துபோன தம்பிக்கு வீட்டுக்குப் போனவுடன் என்ன காய்ச்சிக் கொடுக்கலாம் என்பதில் இருந்தது.

வீட்டுக்கு வந்த சிமியோன் சாப்பிட்டான். நித்திரை கொண்டான். கடலுக்கு மட்டும் இன்னும் போகவில்லை. குரல்களைப் பற்றிக் கேட்டால், "உவை கதைக்கினம்தான். ஆனா முந்தினமாதிரி இல்லை" என்றான். 'இவை' போய் 'உவை' வந்திருந்தது. செபஸ்தியம்மா அன்று பின்னேரமே அந்தோனியாருக்கு இரண்டு மெழுகுதிரி ஏற்றினாள்.

ஆறு கிழமை போயிருக்கும். வளவு கூட்டும்போது வேலிக் கதியாலடியில் மண் கிளறியிருப்பதைக் கண்டு அவள் விளக்குமாற்றால் தட்டினாள். ஊறி உப்பிய குளிசைகள் வந்தன. ஒன்று இரண்டு அல்ல. குளிசையைப் போடச் சொல்லிச் சிமியோனிடம் போனாள். கெஞ்சினாள், ஏசினாள், அழுதாள். அவன் வாயை இறுக்கிக்கொண்டான். சில நாளில் மறுபடியும் கோப்பையை முகர்ந்து பார்க்கத் தொடங்கினான். எல்லாருக்கும் ஒரே பானையில் இருந்து ஊற்றுகிற கூழை மட்டும் சந்தேகமில்லாமல் குடித்தான்.

பக்கத்து வீட்டு அற்புதராணி வேலிக்கு மேலால் புத்தி சொன்னாள். "இடிச்சுத் தூளாக்கிக் குடு செபஸ்தி. என்ரை மச்சாளின்ரை பெடியனுக்கும் உப்பிடித்தான் குடுத்தவை. அவனுக்கென்ன தெரியப்போகுது."

செபஸ்தியம்மாவுக்கு அது நல்ல யோசனையாகவே பட்டது. தம்பி நம்புகிற ஒரே சாப்பாடு கூழ். அதற்குள்ளேயே மருந்து போய்விட்டால் தீர்ந்தது. பானைக்குள் போட்டால் எல்லாருக்கும் போய்விடும். ஆகவே பனையோலையை மடித்துக் கட்டுகிற பிளாவில், மடிப்பின் அடியில், இரண்டு குளிசையின் தூளை வைத்து அமத்தினாள். கூழில் மிளகாயும் புளியும் போதிய அளவு இருந்தன. கசப்புத் தெரியாது என்று அவள் கணக்குப் போட்டாள்.

அவள் மறந்துபோன ஒன்று இருந்தது. கடலால் வந்தவனுக்குத்தான் முதல் பிளா. அது அந்த வீட்டு வழக்கம். அதை ஏற்படுத்தியவளே அவள்தான்.

சனிக்கிழமை மத்தியானம். கிறகோரி வர இன்னும் நேரமிருக்கிறது என்று நினைத்துச் சிமியோனின் பிளாவில் கூழை ஊற்றி அவன் கையில் கொடுத்தாள். அவன் வாயருகே கொண்டுபோகவும் படலை திறந்து கிறகோரி உள்ளே வரவும் சரியாக இருந்தது. சிமியோன் எழுந்தான். அந்த வருத்தத்துக்குள்ளும் அவனுக்கு மரியாதை மறக்கவில்லை.

"அத்தான், இந்தாங்கோ. நீங்கள் முதல் குடியுங்கோ."

"அதைக் குடுக்காதை" என்றாள் செபஸ்தியம்மா.

சொன்ன பிறகுதான் அவளுக்குத் தான் சொன்னது காதில் விழுந்தது. கிறகோரி பசியில் அதற்குள் பாதிக்குமேல் விழுங்கியிருந்தான். அவன் முகத்தைச் சுருக்கினான்.

"என்னப்பா, அடி கைக்குது."

சிமியோன் பிளாவைத் திரும்ப வாங்கினான். மிச்சக் கூழை மண்ணில் ஊற்றினான். ஓலை மடிப்பை மெல்லப் பிரித்தான். வெள்ளைத் தூள் ஈரத்தோடு ஒட்டிக்கொண்டிருந்தது. அதை விரலால் தொட்டுப் பார்த்துவிட்டு அக்காவை நிமிர்ந்து பார்த்தான். அவன் கத்தவில்லை.

"அப்ப இவை சொன்னது சரி" என்றான்.

அவ்வளவுதான். சாறத்தை மடித்துக் கட்டிக்கொண்டு படலையைத் தாண்டிப் போனான்.

கரையில் கவிழ்த்து வைத்திருந்த பழைய வள்ளத்தின் கீழ் போய் இருந்தான். கிறகோரி கூப்பிட்டுப் பார்த்தான், வரவில்லை. யாராவது வலையால் கழித்துப் போடுகிற சிறு மீனைத் தானே பொறுக்கித் தானே சுட்டுத் தின்றான். சில நாள் அதுவும் இல்லை. செபஸ்தியம்மா கொண்டுபோய் வைத்த சோறு காகத்துக்குப் போனது. ஐந்தாம் நாள் அவனுடைய கழுத்தெலும்பு எழும்பி நின்றது. இப்படியே விட்டால் தம்பி செத்துப்போவான் என்று அவளுக்குத் தெரிந்தது. அவனைக் கொல்லப்போவது தான்தான் என்பதும் தெரிந்தது. நஞ்சு போடாமலே போட்டவள் ஆகிவிட்டேனே என்று அவள் அடுப்படியில் இருந்து அழுதாள்.

அடுத்த சனிக்கிழமை பாவசங்கீர்த்தனத்துக்குப் போனாள். முழந்தாளில் நின்று வழக்கமான பாவங்களைச் சொன்னாள்: கோபப்பட்டது, அற்புதராணியைத் தூற்றியது, பூசைக்குப் பிந்திப் போனது. கூழ்க் கதையை மட்டும் சொல்லவில்லை. சுவாமி மன்னிப்பார், மூன்று அருள்நிறை மந்திரம் சொல்லச் சொல்வார், அதற்குப் பிறகு என்ன? பிளாவைப் பிரித்துப் பார்த்தவன் சுவாமி அல்லவே. 'அவருக்குத் தெரியாமல் ஒண்டும் செய்யாதேங்கோ' என்று டாக்குத்தர் சொன்னதும், தான் மாடுபோலத் தலையாட்டியதும் அந்த இடத்தில்தான் ஞாபகம் வந்தன. எழுந்து கோவிலை விட்டு வெளியே வந்தாள். வீட்டுக்குப் போய்க் குளிசைப் பேப்பரை எடுத்துக்கொண்டு நேரே கரைக்கு நடந்தாள். சாப்பாடு ஒன்றும் கொண்டுபோகவில்லை.

வள்ளத்தின் நிழலில் முழங்காலைக் கட்டிக்கொண்டு இருந்தான் சிமியோன். அவள் மூன்று பாகத் தூரம் தள்ளி மணலில் முழந்தாளிட்டாள். வலை உலர்த்திக்கொண்டிருந்த இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். பார்க்கட்டும் என்று விட்டாள்.

"பாவசங்கீர்த்தனம் செய்ய வந்தனான்."

"சுவாமியட்டைப் போ."

"சுவாமிக்கு நான் ஒண்டும் செய்யேல்லை. உனக்குத்தான் செய்தனான்."

அவள் பேப்பரைப் பிரித்து இருவருக்கும் நடுவில் மணலில் வைத்தாள்.

"இதுதான் அண்டைக்குப் போட்டது. டாக்குத்தர் தந்த குளிசை, ரெண்டு. இடிச்சுப் பிளா மடிப்புக்குள்ளை ஒளிச்சு வைச்சனான். நஞ்செண்டது பொய். ஒளிச்சது மெய். அது என்ரை பிழை தம்பி. இனி ஒருநாளும் செய்யமாட்டன்."

"இவை முதலே சொன்னவை."

"சொன்னவையோ தெரியாது. எனக்கு அவையின்ரை கதை கேக்காது. உனக்குக் கேக்குதெண்டு தெரியும்."

அவன் குளிசையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"அத்தானுக்கு என்ன செய்தது?" என்று கேட்டான்.

"பின்னேரம்வரைக்கும் நித்திரை. எழும்பேக்கை வாய் காய்ஞ்சு நாக்கு ஒட்டிப்போச்செண்டார்."

"எனக்கும் அப்பிடித்தான்." அவன் இரண்டு கைகளையும் முன்னால் நீட்டினான். "அதைப் போடேக்கை இதுவும் நடுங்கும். ஊசியிலை நூல் சுத்த ஏலாது. வலைக் கண்ணுக்குள்ளை ஊசி போகாது. வலை பொத்தாதவனை ஆர் வள்ளத்திலை ஏத்துவினம்? அதுதான் புதைச்சனான்."

"ஏன்ரா எனக்குச் சொல்லேல்லை?"

"நீ கேக்கேல்லை."

அது உண்மை. 'குளிசை போட்டியோ' என்று அவள் நாளுக்கு மூன்று தரம் கேட்டிருக்கிறாள். 'குளிசை உனக்கு என்ன செய்யுது' என்று ஒருதரமும் கேட்கவில்லை. அவளுக்குத் தன்மேலேயே ஆத்திரம் வந்தது.

"டாக்குத்தருக்கு இதைச் சொல்லுவம். நீயே சொல்லு. நான் வாய் திறக்கமாட்டன்."

"நீ வாய் திறக்கமாட்டாய்?" என்றான் சிமியோன். பல மாதத்துக்குப் பிறகு அவன் முகத்தில் சிரிப்பு மாதிரி ஏதோ ஒன்று வந்து போனது.

திங்கட்கிழமை போனார்கள். அவனே சொன்னான், கையையும் நீட்டிக் காட்டினான். டாக்குத்தர் அளவைக் குறைத்து, நடுக்கத்துக்கு வேறொரு குளிசையும் தந்தார். செபஸ்தியம்மா உதட்டைக் கடித்துக்கொண்டு இருந்தாள். அவள் வாழ்நாளில் அவ்வளவு நேரம் பேசாமல் இருந்தது அன்றைக்குத்தான்.

எல்லாம் அன்றோடு சரியாகிவிடவில்லை. குளிசைகள் அந்தோனியார் படத்தடியில் ஒரு பிஸ்கற் ரின்னில் இருந்தன. அவன் தானே எடுத்துப் போட்டான். மூடியைத் திறந்து எண்ணிப் பார்க்க அவளுடைய கை எத்தனையோ தரம் துடித்தது. அடக்கிக்கொண்டாள். இரண்டு மாதம் அவன் தன் மீனைத் தானே சுட்டான், தன் பிளாவைத் தானே கட்டினான், பானையில் இருந்து தானே அள்ளினான். அவள் அகப்பையை அவன் பக்கமாகத் திருப்பி வைத்துவிட்டு விலகிக்கொள்வாள். இடையில் ஒரு கிழமை குரல்கள் மறுபடி நெருங்கி வந்தன. அவன் சுவரோரம் ஒடுங்கியிருந்தான். "எனக்குக் கேக்கேல்லை தம்பி. உனக்குப் பயமாயிருக்கோ?" என்று கேட்டாள். "ஓம்" என்றான். அவள் பக்கத்தில் இருந்து வெங்காயம் உரித்தாள். இருவரும் கண் கலங்கினார்கள், வெங்காயத்தின் மேல் பழியைப் போட்டுவிட்டு எழுந்தார்கள்.

நடுக்கம் குறையக் குறைய வலையை எடுத்தான். முதல் பொத்தல்கள் சிறுபிள்ளை எழுதின எழுத்துமாதிரிக் கோணின. கிறகோரி அந்த வலையையே கடலுக்குக் கொண்டுபோனான். அடுத்த வருடம் சோளகக் காற்று ஓய்ந்த பிறகு ஒரு காலையில், "மச்சான், ஏறு" என்று மட்டும் சொன்னான்.

அன்று செபஸ்தியம்மா கூழ் காய்ச்சினாள். எதைப் போட்டோம், எதை விட்டோம் என்று தெரியாமல் காய்ச்சினாள். மத்தியானம் படலை திறந்தது. இரண்டு பேரும் உப்புப் பூத்த உடம்போடு வந்து குந்தினார்கள்.

"கடலிலை கேட்டதோ?" என்று மெல்லக் கேட்டாள்.

"கேட்டது" என்றான் சிமியோன். "அவை ஏதோ கதைச்சவை. நான் வலையைப் பாத்துக்கொண்டிருந்தன்."

அவை. தூரத்தில் நிற்பவர்கள். செபஸ்தியம்மா அந்தச் சொல்லை வாய்க்குள் ஒருதரம் சொல்லிப் பார்த்துக்கொண்டாள். இன்று கடலால் வந்தவர்கள் இரண்டு பேர். முதல் பிளாவை யாரிடம் கொடுப்பது என்று அவள் கை தயங்கியது. "அவனுக்குக் குடு" என்றான் கிறகோரி.

அவள் கட்டிய பிளாவில், அவள் ஊற்றிய கூழ். சிமியோன் வாங்கினான். உள்ளே பார்க்கவில்லை, முகரவில்லை, மடிப்பைத் தடவவில்லை. ஒரே மூச்சில் பாதியைக் குடித்துவிட்டு நாக்கைச் சப்பினான்.

"அக்கா, உப்புக் காணாது."

அவளுடைய கூழைப் பற்றி அவளிடமே அப்படிச் சொன்ன முதல் ஆள் அவன்தான். செபஸ்தியம்மா வாயில் சீலைத் தலைப்பை வைத்து அமத்திக்கொண்டு, உப்புச் சிரட்டையை எடுக்க எழுந்து போனாள்.