இரண்டாம் பிடி அரிசி

ஒன்பது வருடமாகத் தங்கச்சியோடு கதைக்காத ஜெயகௌரி, ஞாயிறு மத்தியானம் லண்டன் வெம்பிளியில் ஜுபிலி லைன் ரயிலேறித் தியேட்டருக்குப் போய், அவளுடைய படத்துக்கே டிக்கெட் எடுத்துக் கடைசி வரிசையில் உட்கார்ந்தாள். கோட்டைக்கூடக் கழற்றவில்லை. படம் முடிந்ததும் எல்லார் முன்னாலும் எழும்பி, அப்பாவின் செத்தவீட்டுக் காட்சியை வெட்டு என்று சொல்லிவிட்டு வந்துவிடுவதாக எண்ணம்.

சுவீடனில் படம் எடுக்கிறவர்களில் தங்கச்சி தயாளினியைத் தெரியாதவர் இல்லை. என்ன படங்களோ! முதல் படத்தில் பாதி நேரம், எப்படி எடுப்பதென்று தெரியாமல் தானே முழிப்பதைக் காட்டியிருந்தாள். அடுத்ததில், விட்டுவிட்டுப் போன புருசனிடமே போய்த் தன்னில் என்ன பிழை என்று கேட்டு, அந்த மனிசன் சொன்ன நாற்பது நிமிடத்தையும் அப்படியே போட்டாள். டிவிக்காரர் திருப்பி அனுப்பினார்கள், சொந்தக்காரர் தலையிலடித்தார்கள். உலைவாயை மூடலாம், ஊர்வாயை மூட ஏலுமா? அவள் மூடப் பார்க்கவுமில்லை. இருபத்தைந்து வருடத்தில் எடுத்த ஏழு படங்களையும் இப்போது லண்டன்காரர் ஒரு கிழமைக்கு, நாளுக்கொன்றாகப் போட்டுக் கொண்டாடுகிறார்கள்.

அப்பா செத்தபோது, வர முடியாத சொந்தங்களுக்காக வழக்கம்போல் வீடியோ எடுக்க வேண்டியிருந்தது. கமராவைப் பிடித்தவள் தயாளினி. ஜெயகௌரி வாய்க்கரிசி போடுகிற நேரம் பார்த்துப் போகஸ் விட்டுப்போனது. “அக்கா, இன்னொருக்காப் போடுங்கோ” என்றாள். அக்காவும் அழுதுகொண்டே போட்டாள். அது பிறகு படத்திலேயே வந்துவிட்டது. லண்டனில் செவன் கிங்ஸ் தொடங்கி எட்மண்டன் வரை அவளுக்கு ‘ரீடேக் கௌரி’ என்று பட்டம். அந்தக் கோபத்தில் தங்கச்சியோடு கதையை விட்டவள், படத்தையும் பார்க்கவேயில்லை.

இன்றுதான் பார்க்கிறாள். திரை நிறைய அப்பாவின் முகம். முதல் பிடி, பிறகு இரண்டாம் பிடி. உடனே தயாளினி கமராவைத் தன் பக்கம் திருப்பினாள். செத்தவீட்டில் அக்காவை நடிக்க வைத்தபோதும் தன் கை நடுங்கவில்லை, அதுதான் பயமாக இருக்கிறது என்று சுவீடிஷில் சொன்னாள். பன்னிரண்டு வருடம் ஸ்டொக்ஹோமில் இருந்த ஜெயகௌரிக்குக் கீழே ஓடிய எழுத்து தேவைப்படவில்லை.

வெளிச்சம் வந்தது. அந்தக் காட்சியை ஏன் வெட்டவில்லை என்று ஒரு வெள்ளைக்காரி கேட்டாள். வெட்டினால் நான் நல்லவளாகிவிடுவேனே என்றாள் மேடையில் நின்ற தயாளினி. சபை சிரித்தது. ஜெயகௌரி கையை உயர்த்தினாள், மைக் வந்தது. வாங்கிக்கொண்டு எழும்பினாள்.

“தயா, முதல்தரம் போடேக்கை கண் முழுக்கத் தண்ணி. அப்பான்ர முகமே எனக்குத் தெரியேல்லை. நீ கேட்டபடியால் ரெண்டாந்தரம்தான் வடிவாப் பாத்தன். அதை வெட்டிப்போடாத.”

தயாளினி அதை இங்கிலிஷில் சொல்லத் தொடங்கிப் பாதியில் நின்றுவிட்டாள். சொன்ன பாதியே போதுமாக இருந்தது. தியேட்டர் முழுக்க எழும்பிக் கைதட்டியது. ஜெயகௌரிக்கு மானம் போகவில்லை, பெருமையாகவே இருந்தது. கோட்டைக் கழற்றிக் கதிரையில் போட்டாள்.

தங்கச்சி படியேறி வந்தாள். பழக்கதோஷம், போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டுதான் வந்தாள்.

“போகஸை முதலே பார்” என்று சொல்லிவிட்டு, ஜெயகௌரி முகத்தைத் துடைத்து நிமிர்ந்து நின்றாள்.

போன் பிடித்த கை கிடுகிடென்று நடுங்கியது.