நாலு கட்டை

என் தங்கச்சி நர்ஸ். ஊசி போடும்போது நடுங்காத கை மைக்கைப் பிடித்தால் நடுங்கும். போன வருடம் மருத்துவமனை ஆண்டு விழாவில் முதல் வரியோடு மேடையை விட்டு ஓடிவிட்டாள்.

"பக்கத்துல நீ வாசிச்சா பாடறேண்ணா. இந்தத் தடவையும் ஓடினேன்னா அப்புறம் பாட்டுன்னு வாயே திறக்க மாட்டேன்" என்றாள்.

நானோ தையல்காரன். பியானோவுக்கும் எனக்கும் உள்ள ஒரே சம்பந்தம், இரண்டிலும் காலுக்கு வேலை உண்டு. ஒரு கீபோர்டை வாங்கி, போனில் ஆப்பை இறக்கி, இரண்டையும் வயரால் இணைத்தேன்.

"ஸ்கேல் கத்துக்கறேன்" என்றேன் மனைவியிடம்.

"அப்போ இத்தனை வருஷமா ஸ்கேல் இல்லாமயா துணி வெட்டினீங்க?"

ஆப்புக்கு அவளைவிட இரக்கம் அதிகம். தப்பாக வாசித்தாலும் ஒரு நட்சத்திரம் போடும். மூன்று கட்டைகளைச் சேர்த்து அழுத்தினால் அது கார்டு. மேஜர் கார்டு என்பது சட்டை பொருந்திய வாடிக்கையாளரின் முகம். நடுவிரல் அரைப்படி இறங்கினால் மைனர்: பொருந்தாதவர் முகம். அது எனக்கு நன்றாகப் பழகியது. வெள்ளைக் கட்டைகளிலேயே பாட்டுக்குத் தேவையான கார்டுகள் பிடிபட்டுவிட்டன. சுருதியை ஏற்ற ஆப்பில் ஒரு பொத்தான் உண்டு. விரல் இருந்த இடத்திலேயே இருக்கும், சத்தம் மட்டும் ஏறும். என்னை மனதில் வைத்தே செய்திருக்கிறார்கள்.

விழா மேடையில், "எந்த சுருதி?" என்று கேட்டேன்.

"நாலு கட்டை."

பொத்தானில் நாலு வைத்தேன். அவள் தன் போனில் சுருதிப் பெட்டி ஆப்பைப் போட்டு, இயர்போனை ஒரு காதில் மாட்டிக்கொண்டு பாட ஆரம்பித்தாள். நான் கார்டை அழுத்தினேன். குறுகலான வாசலில் இரண்டு பேர் முட்டிக்கொண்ட மாதிரி இருந்தது.

அவள் நிறுத்திவிட்டாள். கண் கதவுப் பக்கம் போனது.

பிறகு மைக்கை மூடாமலே கேட்டாள்: "எத்தனைல வெச்சிருக்க?"

"நீ சொன்ன நாலுதான்."

"அண்ணா, அந்தப் பொத்தான் ஒண்ணுலேர்ந்து அரை அரையா ஏறும். நாலு வெச்சா மூணு கட்டைதான் வரும். மூணுக்கும் நாலுக்கும் நடுவுல அரைதான், அஞ்சு வை."

"நாலு வேணும்னா அஞ்சு வைக்கணுமா? இதையே நான் அளவெடுக்கறப்போ செஞ்சா திட்டறாங்க."

முன்வரிசையில் இருந்த டாக்டர் மெல்லச் சொன்னார்: "சிஸ்டர், என் பேண்ட் இப்போ உங்க அண்ணன்கிட்டதான் இருக்கு."

அரங்கமே சிரித்தது. எல்லாரையும்விட அதிகமாகச் சிரித்தவள் அவள்தான். நான் அஞ்சு வைத்ததும், சிரித்த மூச்சிலேயே பல்லவியை எடுத்துவிட்டாள்.

சரணத்தில் நான் கார்டைத் தவறவிட்டேன். அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கையை மடியில் வைத்துக்கொண்டு, கடைசி வரி வரைக்கும் கேட்டுக்கொண்டிருந்தேன்.