நூறு வந்தால் என்ன ஆகும்

1

இந்தக் கதையின் முடிவை 2008-லேயே சொல்லிவிட்டேன். கொடைக்கானல் கடைவீதியில், பாதி ஏற்றிய ஷட்டருக்கு முன்னால், காலை எட்டேகால் மணிக்கு, ஒரு பெண்ணிடம். அது நானாகக் கட்டிய முடிவு. அவள் அதை நம்பினாள். மற்றதெல்லாம் அதிலிருந்து வந்தது. முடிவு அப்போதே கெட்டுவிட்டதால் இப்போது ஆரம்பத்தையாவது ஒழுங்காக எழுதலாம் என்று பார்க்கிறேன்.

முதல் தொடக்கம் இப்படி இருந்தது: ‘கொடைக்கானல் ஏரியின் மேல் மூடுபனி மெல்ல இறங்கிக்கொண்டிருந்த ஒரு—’

அடித்துவிட்டேன். இந்தக் கதையில் பனி ஒரே ஓர் இடத்தில்தான் வரும். அங்கே அது செய்த காரியத்துக்கு, வேறெங்கும் அதை அழகு காட்ட விடுவதாயில்லை.

இரண்டாம் தொடக்கம்: ‘நான் அப்போது ஒரு செல்போன் கடையில் வேலை—’

இதையும் அடித்தேன். ‘நான்’ என்று எழுதினால் மூன்றாம் பக்கம் வருவதற்குள் என்னை நானே மன்னித்துவிடுகிறேன். நான்கு பிரதிகளில் பார்த்தாயிற்று. ஆகவே இவன் பெயர் யோகேஷ். இவனை மன்னிக்க வேண்டிய கட்டாயம் எனக்கில்லை.

2

யோகேஷுக்குப் பதினெட்டு வயது. பத்தாம் வகுப்போடு படிப்புக்கு முழுக்குப் போட்டவன். அப்துல் சலாம் பாயின் செல்போன் கடையில் வேலை. தேய்ந்த பொத்தானை மாற்றுவான், தண்ணீரில் விழுந்த போனை குண்டு பல்புக்கு அடியில் காயவைப்பான், கேட்பவர்களுக்குப் பாட்டும் விளையாட்டும் ஏற்றிக்கொடுப்பான்.

அந்த வருடம் பள்ளிப் பிள்ளைகள் எல்லோரும் ஏற்றிக்கொண்டது ஒரே விளையாட்டு. ஓர் அமெரிக்கப் பள்ளிக்கூடம். நீங்கள் அதில் புதிதாகச் சேர்ந்த மாணவி. திரையின் வலது மூலையில் ஒரு நட்சத்திரம், பக்கத்தில் ஓர் எண். பள்ளியில் உங்களுக்கு என்ன மவுசு என்பது அந்த எண். பூஜ்யத்தில் ஆரம்பித்து நூறு வரை போகும். யார் பக்கத்தில் உட்காருகிறீர்கள், என்ன உடுத்துகிறீர்கள், யாரைப் பற்றி யாரிடம் வம்பு பேசுகிறீர்கள், எல்லாவற்றுக்கும் எண் ஏறும் அல்லது இறங்கும்.

பழுதுக்கு வந்த ஒரு போனில் யோகேஷ் இதை ஆடிக்கொண்டிருந்தபோது சலாம் பாய் தலைக்கு மேல் வந்து நின்றார்.

“ஏலே, பள்ளிக்கூடம் வேணாம்னு ஓடியாந்த பய, இங்க உக்காந்து பள்ளிக்கூடம் போயிட்டிருக்கியா?”

“ஸ்பீக்கர் டெஸ்ட் பண்றேன் பாய்.”

“பண்ணு, பண்ணு. பரீட்சை வந்தா சொல்லு, லீவு தாரேன்.”

(சலாம் பாய் இனி அதிகம் வரமாட்டார். நல்ல மனிதர். நல்லவர்களை வைத்து இந்தக் கதையை நகர்த்த முடியவில்லை.)

3

தேவகுமாரி ப்ளஸ் ஒன் மாணவி. பழத்தோட்டத்து லயத்திலிருந்து* தினமும் பேருந்தில் வருவாள். அம்மா சுப்பம்மாவுக்குக் காரட் கழுவும் வேலை. பத்தாம் வகுப்பில் நல்ல மதிப்பெண் எடுத்ததால் ஊரின் பெரிய ஆங்கிலப் பள்ளிகளில் ஒன்று அவளைக் கட்டணமில்லாமல் சேர்த்துக்கொண்டது. கட்டணம் மட்டும்தான் இல்லை. வகுப்பில் அவளுக்குப் பெயர் ‘சிலோன்’. மதியம் குழாயடிப் படியில் தனியாக உட்கார்ந்து சாப்பிடுவாள்.

* லயம் என்றால் வரிசை வீடுகள். இலங்கைத் தேயிலைத் தோட்டங்களிலிருந்து திரும்பி வந்தவர்கள் வீட்டை அங்கே விட்டுவிட்டுச் சொல்லை மட்டும் கொண்டுவந்தார்கள். யோகேஷின் வீடும் அதே லயத்தில்தான், நான்கு கதவு தள்ளி.

ஜூலையில் ஒரு நாள் கடை திறக்கும் நேரத்துக்கு வந்து நின்றாள்.

“யோகேஷண்ணே, அந்தப் பள்ளிக்கூட கேமு ஒங்ககிட்ட இருக்காமே?”

“போன் வாங்கிட்டியா?”

“போனா? எங்கம்மா காதுல விழுந்தா கழுவுற காரட்டாலயே அடிக்கும். கிளாஸ்ல வெள்ளனே ஆரம்பிச்சா மணியடிக்கிற வரைக்கும் அதையே பேசிக்கிட்டு கெடக்காளுக. எனக்கு ஒண்ணும் விளங்கல. வாயத் தொறக்க ஏலாம இருக்கு. நீங்க ஆடுங்க. ஆடுனத எனக்குச் சொல்லுங்க. நான் ஆடுன மாதிரி அங்க போய்ச் சொல்லிக்கிறேன்.”

“யாரு போன்ல ஆடுனேன்னு கேட்டா?”

“மாமா போனுன்னு சொல்லிருவேன்.”

“ஒனக்கு ஏது மாமா?”

“அது எனக்கும் ஒங்களுக்குந்தான தெரியும்?”

(‘அண்ணே’ என்றுதான் கடைசிவரை கூப்பிடுவாள். காதல் கதை எதிர்பார்ப்பவர்கள் இங்கேயே இறங்கிக்கொள்ளலாம். யோகேஷின் மனதில் என்ன இருந்தது என்றால்— வேண்டாம். விட்டுவிடுகிறேன்.)

4

இப்படி ஆரம்பித்தது. அவள் பேருந்தைவிட்டு இறங்கிப் பள்ளிக்கு நடக்கும் வழியில் கடை. தினமும் ஏழெட்டு நிமிடம் கிடைக்கும்.

“இன்னைக்கு எத்தன?”

“நாப்பத்தொண்ணு.”

“நேத்து முப்பத்தெட்டுல்ல? எப்படிண்ணே மூணு ஏறுச்சு?”

“மஞ்சச் சட்ட போட்டுட்டுப் போனேன். அந்தப் பந்தாட்டக் கேப்டன் சிரிச்சான். ரெண்டு. கேன்டீன்ல அவன் கூட்டத்தோட உக்காந்தேன். ஒண்ணு.”

“நான்சி?”

நான்சி கண்ணாடி போட்ட பெண். விளையாட்டில் முதல் நாள் நம்மிடம் தானாக வந்து பேசுவது அவள்தான்.

“நான்சி பக்கத்துல உக்காந்தா மூணு கொறையுது புள்ள. அவள விட்டுட்டேன்.”

தேவகுமாரி பையின் வாரை இழுத்துவிட்டுக்கொண்டாள். “பாவம்ணே அவ.”

“பாவம் பாத்தா நூறு வராது.”

“நூறு வந்தா என்ன ஆகும்?”

“வரட்டும், சொல்றேன்.”

5

வகுப்பில் நடந்ததை யோகேஷ் பார்க்கவில்லை. தேவகுமாரி சொன்னது பாதி, இந்து என்ற பெண் பிற்பாடு சொன்னது பாதி. இந்து ஒரு ஓட்டல்காரரின் மகள், வகுப்பு அவள் பேச்சைத்தான் கேட்கும்.

மற்றவர்கள் பொத்தானை அமுக்கினார்கள், எண் ஏறியது என்றார்கள். தேவகுமாரி அப்படிச் சொல்லவில்லை. கேப்டன் எப்படிச் சிரித்தான், மஞ்சள் சட்டைக்காரி நடந்து வந்தபோது யார் யார் திரும்பினார்கள், நான்சி தட்டைத் தூக்கிக்கொண்டு எந்த மேசைக்குப் போனாள் என்று சொன்னாள். யோகேஷ் தமிழில் சொன்னதை அவள் ஆங்கிலத்தில் திருப்பிச் சொன்னாள். திரையில் கடுகளவு தெரிந்த மனிதர்களுக்கு முகம் வந்தது. ஆகஸ்டில் இந்து தன் டிபன் பாக்ஸை நகர்த்தி அவளுக்கு இடம் போட்டாள். ‘சிலோன்’ என்று யாரும் கூப்பிடவில்லை. ‘தேவ்ஸ்’ என்றார்கள்.

இந்த இடத்தில் என் கதாபாத்திரத்தின் மேல் எனக்கே சந்தேகம் வருகிறது. ஒரு பெண் இதற்கா இவ்வளவு சந்தோஷப்படுவாள்? படுவாள். நீங்கள் குழாயடியில் உட்கார்ந்து சாப்பிட்டதில்லை போலிருக்கிறது.

6

செப்டம்பரில் ஒரு மாலை இரண்டு தோழிகளோடு கடைவீதியில் வந்தாள். யோகேஷ் கையைத் தூக்கினான். பார்த்தாள். பார்க்காதவள் போல் போனாள்.

(‘யோகேஷ் இப்போது நான்சி ஆகிவிட்டான்’ என்று ஒரு பிரதியில் எழுதியிருந்தேன். மட்டமான வரி. அடித்தாயிற்று.)

மறுநாள் காலை வழக்கம்போல் வந்து, “நேத்து அவளுக கூட இருந்தாளுகண்ணே, தப்பா எடுத்துக்காதீங்க” என்றாள். எடுத்துக்கொள்ளவில்லை என்றான்.

அதற்கடுத்த வாரம், எண் தொண்ணூற்றிரண்டில் நிற்கும்போது, போனின் சொந்தக்காரர் வந்தார். ஒரு உதிரிப்பாகத்துக்காக இரண்டு மாதம் காத்துக் கிடந்த போன் அது. பாகம் வந்து, போன் சரியாகி, கிளம்பிப் போய்விட்டது. ஆடியதெல்லாம் அதற்குள்தான் இருந்தது.

“போன் போயிருச்சு புள்ள, மொதல்லருந்துதான் ஆடணும்” என்று சொல்லியிருக்கலாம். மூன்று சொற்றொடர்கூட இல்லை. அதற்குப் பதில் அவன் தொண்ணூற்று மூன்று என்றான். மறுநாள் தொண்ணூற்றைந்து. எல்லாம் கற்பனை. கடைசியில் ஒரு வெள்ளிக்கிழமை:

“நூறு வந்துருச்சு.”

“அய்யோ! சொல்லுங்கண்ணே, வெரசா!”

“பள்ளிக்கூடம் மொத்தமும் கிரவுண்ட்ல நிக்குது. ஒன் பேரச் சொல்லிக் கத்துறாங்க. அப்ப பாத்து மிஸ்டு எறங்குது, ஒரே பனி. ஒண்ணுமே தெரியல. சத்தம் மட்டும் கேக்குது. ஒரு கை வந்து ஒன் கையப் பிடிக்குது. மிஸ்டு வெலகுனா, யாருங்கிற?”

“யாரு?”

“நான்சி.”

அவள் கண் நிறைந்துவிட்டது. கதை சொல்லி ஒருத்தர் கண்ணை நிறைய வைத்தது யோகேஷுக்கு அதுதான் முதல் தடவை. அந்த ருசி கெட்டது. இன்னும் நாக்கில் இருக்கிறது.

7

முந்தைய பிரதிகளில் இந்தப் பகுதி கிடையாது.

அந்த வெள்ளிக்கு இரண்டு நாள் முன்னால் இந்து கடைக்கு வந்திருந்தாள். சார்ஜர் பின் வாங்க. “அண்ணா, அந்த கேம்ல நான் நைன்ட்டி செவன்ல ஸ்டக் ஆகி நிக்கிறேன். இந்த வீக்எண்டுக்குள்ள முடிச்சிருவேன்” என்றாள்.

அதாவது யோகேஷுக்குத் தெரியும். திங்கட்கிழமைக்குள் உண்மையான முடிவைப் பார்த்த ஒருத்தி அந்த வகுப்பில் இருப்பாள் என்று தெரிந்தே வெள்ளிக்கிழமை பொய் முடிவைச் சொன்னான். மறதி என்று ஒரு பிரதியில் எழுதினேன். மறதி இல்லை. கடைவீதியில் தூக்கிய கை இன்னும் கீழே இறங்காமல் இருந்தது. அவ்வளவுதான். இதற்கு மேல் விளக்கினால் அது மன்னிப்புக் கேட்கிற மாதிரி ஆகும்.

8

திங்கள் மதியம் தேவகுமாரி நூறு வந்த கதையைச் சொன்னாள். ஒன்பது பேர் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். கை வந்து கையைப் பிடித்த இடத்தில் ஒருத்தி மூக்கை உறிஞ்சினாளாம். இந்து முழுவதையும் கேட்டுவிட்டுச் சிரித்தாள்.

“மிஸ்ட்டா? அந்த கேம்ல ஏதுடி மிஸ்ட்? அது கலிஃபோர்னியா! பனமரம் நிக்குது, வெயில் அடிக்குது. நான் நேத்து முடிச்சேன். நூறு வந்தா ஒண்ணுமே வராது. மறுபடி ஆடுறியான்னு கேக்கும். அவ்ளோதான். தேவ்ஸ், நீ கொடைக்கானல்லயே நூறு வாங்கிட்டியா?”

அந்த ஒன்பது பேரும் சிரித்த விதத்தை எழுத மூன்று தடவை முயன்றேன். வரவில்லை. நான் அங்கே இல்லை.

பனி வரும் என்று நான் சொன்ன அந்த ஒரே இடம் இதுதான். கலிஃபோர்னியா எப்படி இருக்கும் என்று யோகேஷுக்குத் தெரியாதா? இரண்டு மாதம் அந்தத் திரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். ஆனால் ஒரு மைதானத்தில் யாருக்கும் யாரும் தெரியாமல் போக வேண்டுமென்றால், அவன் பிறந்து வளர்ந்த ஊரில் அதற்கு ஒரே வழிதான் உண்டு. கை தானாக அங்கே போய்விட்டது.

மறுநாள் காலை வந்தாள். கோபமில்லை. கோபப்பட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

“யோகேஷண்ணே, உண்மையச் சொல்லுங்க. அந்த முடிவு நீங்களா கட்டுனதா?”

“இல்ல புள்ள. அந்த போன்ல அப்படித்தான் வந்துச்சு. மாடலுக்கு மாடல் மாறும்.”

“சத்தியமா?”

“சத்தியமா.”

“அப்ப சரி” என்றாள். முகம் தெளிந்தது. பையைத் தோளில் ஏற்றிக்கொண்டு வேகமாக நடந்தாள். போய், வகுப்பு முழுவதற்கும் முன்னால் நின்று, மாடலுக்கு மாடல் மாறும் என்று வாதாடினாள். போனைக் கொண்டுவந்து காட்டு என்றார்கள். மாமா ஊருக்குப் போயிருக்கிறார் என்றாள். எந்த ஊர் என்றார்கள். அவள் சொன்ன ஊருக்கும் சிரித்தார்கள்.

முதல் பொய்யில் அவள் விழுந்தாள். எழுந்து நிற்க அவளுக்கு ஒரு வழி இருந்தது: ‘சும்மா கதை விட்டேன்’ என்று அவளும் சேர்ந்து சிரித்திருக்கலாம். இரண்டாவது பொய் அந்த வழியையும் அடைத்தது.

புதிய பெயர் ‘மிஸ்டு’. பதினோரு நாள் கழித்துப் பள்ளிக்குப் போவதை நிறுத்தினாள். சுப்பம்மா அடித்துப் பார்த்தார், அழுது பார்த்தார். பிறகு ஒரு வாரத்தில் அவளுக்கும் காரட் கழுவும் வேலை வாங்கிக்கொடுத்தார்.

ஒரு விளையாட்டுக்காகப் படிப்பை விடுவார்களா என்று கேட்பீர்கள். முதலிலிருந்தே தனியாக இருப்பவர்களுக்கு அது பழகிவிடும். நடுவில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு, அதே குழாயடிக்கு, ஒன்பது பேர் பார்க்க, திரும்பி நடக்க வேண்டும். எத்தனை எட்டு வைக்க வேண்டும் என்று அவளுக்குத்தான் தெரியும்.

9

இனி முடிவு.

(அ) தேவகுமாரி தனியாகப் பரீட்சை எழுதி, ஆசிரியையாகி, இன்று அதே பள்ளியில்— இல்லை. இது எனக்கு நான் வாங்கிக்கொடுக்கும் மிட்டாய்.

(ஆ) நான் இப்போது இரவு வேலை பார்க்கும் விடுதிக்கு அவள் கணவனோடு வருகிறாள். பதிவேட்டில் பெயர் எழுதும்போது நிமிர்ந்து— இல்லை. தான் காரட் கழுவிய ஊருக்கு யாரும் அறை எடுத்துத் தங்க வருவதில்லை.

(இ) யோகேஷ் அவள் வீட்டுக் கதவைத் தட்டி உண்மையைச் சொல்கிறான். நான்கு கதவுதான் தூரம். தட்டவில்லை. அடுத்த வருடம் அம்மாவும் மகளும் லயத்தைக் காலி செய்துகொண்டு போனார்கள். பாச்சலூர் பக்கம் என்றார்கள் சிலர், திருப்பூர் என்றார்கள் சிலர்.

அவளுக்கு ஏற்கெனவே, விளையாட்டுக்கு ஒன்று, படிப்புக்கு ஒன்று என, இரண்டு முடிவுகள் கட்டிக்கொடுத்திருக்கிறேன். மூன்றாவது கட்டமாட்டேன்.

10

ஒன்று மட்டும் செய்தேன். நான் என்றே எழுதுகிறேன். சொந்தமாக ஒரு போன் வாங்கிய பிறகு, அதே விளையாட்டை ஏற்றி, பூஜ்யத்திலிருந்து ஆடினேன். நூறு வந்தது.

காகிதப் பூக்கள் கொட்டின, அரை நிமிடம் ஒரு பாட்டு. பிறகு மறுபடி ஆடுகிறாயா என்று கேட்டது. இந்து சொன்னது சரி. ஆனால் அவள் அங்கேயே நிறுத்தியிருப்பாள். நான் ஆமாம் என்பதை அமுக்கினேன். நட்சத்திரத்தின் பக்கத்தில் பூஜ்யம். முதல் நாள். நல்ல வெயில். கண்ணாடி போட்ட ஒரு பெண் வந்து நின்று, ‘நீ புதுசா? வா, சாப்பிடுற இடத்தைக் காட்டுறேன்’ என்றாள். அவளுக்கு எதுவும் நினைவில்லை.

இது நான் சேர்த்ததில்லை. நம்புவதும் நம்பாததும் உங்கள் பாடு. என் சத்தியத்துக்கு என்ன மதிப்பு என்பதைப் பார்த்துவிட்டீர்கள்.

காரட் கழுவும் இடத்திலோ, பனியன் கம்பெனியிலோ, ஏதாவது ஒரு பேருந்திலோ, தேவகுமாரி என்று முப்பதை ஒட்டிய ஒருத்தியை நீங்கள் பார்க்கக்கூடும். பார்த்தால், நூறு வந்தால் என்ன ஆகும் என்பதை மேலே எழுதியிருக்கிறபடி அவளிடம் சொல்லுங்கள். கூட்ட வேண்டாம். குறைக்க வேண்டாம். அவள் முகம் எப்படி ஆனது என்று எனக்கு வந்து சொல்லவும் வேண்டாம்.

சொன்னால் எழுதிவிடுவேன்.